உறக்கத்தைப் பறித்த மாத்திரை

உழைத்துக் களைத்தவனுக்கு உறக்கம் வருவது இயற்கை. ஆனால், வீரன் உறங்கும் நேரமெல்லாம் படை முன்னேறாத நேரம் என்று போர்த்தலைவர்கள் கணக்கிட்டனர். இரண்டாம் உலகப் போரில் இயற்கையின் இந்த எல்லையைக் கடக்க ஜெர்மனி கையாண்ட வழியைச் சற்று நோக்குவோம்.

பெர்லின் நகரின் டெம்லர் நிறுவனம் 1938-இல் ‘பெர்விட்டின்’ என்னும் மாத்திரையை விற்பனைக்குக் கொணர்ந்தது. மெதாம்ஃபெட்டமின் என்னும் ஊக்கமருந்தே அதில் இருந்தது. தொடக்கத்தில் மருத்துவரின் சீட்டு இன்றியே மருந்துக் கடைகளில் அதனை வாங்க முடிந்தது. படை மருத்துவ ஆய்வாளரான ஓட்டோ ராங்கே, 1939-இல் 90 கல்லூரி மாணவர்களிடம் அதனைச் சோதித்து, வீரர்களை விழித்திருக்கச் செய்ய ஏற்றது எனக் கண்டார். பிரான்சின் மீது படையெடுத்த 1940-இல், சில மாதங்களில் மட்டும் 3½ கோடிக்கும் மேற்பட்ட ஊக்க மாத்திரைகள் தரைப்படைக்கும் விமானப்படைக்கும் அனுப்பப்பட்டன. எதிரணியினரும் இதற்கு விலக்கல்லர். பிரிட்டிஷ், அமெரிக்கப் படைகளில் ‘பென்செட்ரின்’ வழங்கப்பட்டது.

இம்மருந்து புதுப்பலம் எதையும் தருவதில்லை. மூளையைத் தூண்டிக் களைப்பை மறைக்கிறது, அவ்வளவே. உடலின் சேமிப்பை முன்கூட்டியே செலவழிக்கச் செய்கிறது. பின்னர் அக்கடனை உடல் வட்டியுடன் செலுத்த நேரிடுகிறது. மனச்சோர்வு, படபடப்பு, சித்தப்பிரமை ஆகியவை தொடர்கின்றன. நாளடைவில் மாத்திரை இன்றி இயங்க இயலாத நிலையும் வந்துவிடுகிறது.

1972-இல் நோபல் பரிசு பெற்ற எழுத்தாளர் ஹைன்ரிஷ் பொல், கொலோன் நகரில் கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்தவர். 1939-இல் அவர் 21 வயதுப் படைவீரர். அந்த நவம்பரிலும், மறு ஆண்டிலும் அவர் வீட்டாருக்கு எழுதிய மடல்களில், பெர்விட்டின் அனுப்பி வைக்குமாறு கேட்டிருந்தார். ஊரில் இருப்போரிடம் மகன் கேட்டது ஒரு மாத்திரை! அதனை இருமலுக்குக் கேட்கும் மருந்தைப்போல் எண்ணிய காலம் அது.

தீங்கு வெளிப்படவே, 1941-இல் ஜெர்மன் அரசு பெர்விட்டினை அபின் கட்டுப்பாட்டுச் சட்டத்தின்கீழ்க் கொண்டுவந்தது. எனினும் படைகளில் அதன் பயன்பாடு ஒழியவில்லை. போருக்கு வேண்டியிருந்தது வீரனின் விழிப்பு. அவனது நலம் அன்று.

போர்க்களம் நமக்குத் தொலைவாக இருக்கலாம். ஆயினும் தேர்வுக்காக இரவெல்லாம் விழித்திருக்கும் மகனும், வண்டியோட்டும் தந்தையும் நம் இல்லங்களில் உள்ளனர். களைப்பு உடல் தரும் எச்சரிக்கை. அதனை மாத்திரையால் அடக்கும்படி எவர் சொன்னாலும், பெற்றோரே, நம்பாதீர்கள். முதலில் அவர்களை உறங்க விடுங்கள்.