பொதிகை மந்திகளும் நம் மனச்சான்றும்

விடுமுறை நாள்களில் நம் பங்குக் குடும்பங்கள் பல பாபநாசத்திற்கும் மணிமுத்தாற்றிற்கும் சென்று நீராடி மகிழ்வது வழக்கம். சோற்றுப் பொட்டலத்தை அவிழ்க்குமுன்னரே குரங்குகள் வந்து சூழ்ந்துகொள்ளும். குழந்தைகள் முறுக்கையும் வாழைப்பழத்தையும் நீட்டுவர். சற்று நேரத்தில் ஒரு குரங்கு பையைப் பறிக்கும். உடனே, பழம் நீட்டிய அதே கை கல்லைத் தேடும். இரக்கம் இத்துணை விரைவில் சினமாக மாறுவது ஏன்?

தாமிரபரணி பிறக்கும் பொதிகை மலைக்காடுகளில் நாட்டுக் குரங்கு, சாம்பல் மந்தி, கருமந்தி, சிங்கவால் குரங்கு ஆகிய நால்வகைக் குரங்குகளும், அவற்றின் உறவினமாகிய தேவாங்கும் வாழ்கின்றன. இவற்றுள் சிங்கவால் குரங்கு மேற்குத்தொடர்ச்சி மலையன்றி உலகில் வேறெங்கும் இயற்கையாக வாழ்வதில்லை. பெரும்பாலும் மரக்கிளைகளிலேயே வாழ்வதால், காடு துண்டுபட்டால் அதன் குடும்பமும் துண்டுபடும். அதனைக் காக்கும் நோக்குடனேயே 1976-இல் களக்காடு சரணாலயம் அமைந்தது. முண்டந்துறை 1962 முதல் புலிகள் சரணாலயமாக இருந்தது. 1988-இல் இரண்டும் இணைந்து புலிகள் காப்பகமாயின.

கருமந்தியின் கதை துயரமானது. அதன் இறைச்சியும் இரத்தமும் இழுப்பு நோயைத் தீர்க்கும் என்ற நம்பிக்கையால் அது தலைமுறை தலைமுறையாக வேட்டையாடப்பட்டது. என் பாட்டியார் இழுப்பினால் இரவெல்லாம் மூச்சுக்குப் போராடியவர். ஒருநாள் தெருவில் வந்த ஒருவரிடம் எங்கள் வீட்டார் 'கருங்குரங்கு லேகியம்' வாங்கினர். நாங்கள் கொடியவர்கள் அல்லர், அன்பினாலேயே வாங்கினோம். பாட்டியாரின் இழுப்போ தீரவில்லை. அந்தச் சிறு புட்டிக்காக மலையில் ஒரு தாய் சுடப்பட்டிருக்கலாம், அதன் மார்பைப் பற்றியிருந்த குட்டி அநாதையாகியிருக்கலாம் என்ற எண்ணம் அன்று எங்களுள் எவருக்கும் எழவில்லை. அவ்விறைச்சியால் ஆஸ்துமா குணமாகும் என்பதற்கு மருத்துவச் சான்று ஏதுமில்லை. 1972-ஆம் ஆண்டின் வனவுயிர்ப் பாதுகாப்புச் சட்டப்படி கருமந்தியைக் கொல்வது சிறைத்தண்டனைக்குரிய குற்றம்.

கொல்வது தீது, உணவளிப்பது அறமன்றோ என்று சிலர் வினவலாம். கருமந்தி இலைதழைகளைச் செரிப்பதற்கென்றே அமைந்த வயிறுடையது. உப்பும் எண்ணெயும் சேர்ந்த பண்டம் அதற்கு உணவாகாது. நாட்டுக் குரங்கோ எதனையும் உண்ணும். ஆயின் நம் கையை நம்பிப் பழகியபின் காட்டில் இரைதேடுவதைக் குறைத்துச் சாலையோரத்தில் காத்திருக்கும். வாகனத்தில் அடிபட்டு இறக்கும், பண்டத்தோடு பிளாஸ்டிக் உறையையும் விழுங்கும், வீடுபுகுந்து பறிக்கும். பின்னர் நாமே அதனைக் கூண்டு வைத்துப் பிடித்து அப்புறப்படுத்தக் கோருவோம். திருடக் கற்பித்தவரே தீர்ப்பும் வழங்குவது நீதியாகுமா?

லேகியம் வாங்கியபோதும் முறுக்கு நீட்டியபோதும் நாம் செய்த பிழை ஒன்றே. அந்த உயிர் நமக்காகவே இருக்கிறது என்று எண்ணினோம். ஒன்றில் மருந்தாகக் கண்டோம், மற்றொன்றில் வேடிக்கையாகக் கண்டோம். திருமறையோ வேறுவிதமாகப் போதிக்கிறது. மனிதனைப் படைக்குமுன்னரே இறைவன் தம் படைப்புகளை நல்லவை எனக் கண்டார். வெள்ளம் வடிந்தபின் அவர் நோவாவோடு மட்டுமன்றி, பேழையிலிருந்து வெளிவந்த எல்லா உயிர்களோடும் உடன்படிக்கை செய்தார் எனத் தொடக்கநூல் கூறுகிறது. திருத்தந்தை பிரான்சிஸ் 2015-இல் வெளியிட்ட 'லவுதாத்தோ சி' சுற்றுமடலும், பிற உயிர்கள் நம் பயனுக்கு அப்பால் இறைவன் முன் தமக்கே உரிய மதிப்புடையவை என்று வலியுறுத்துகிறது.

காட்டுக் குரங்குகள் உண்ட கனிகளின் விதைகள் பல சோலையெங்கும் பரவி மரமாகின்றன. அச்சோலையே மழைநீரை ஏந்தித் தாமிரபரணிக்கு அளிக்கிறது. நாம் பருகும் ஒவ்வொரு குவளை நீரிலும் அந்த மந்திகளின் உழைப்பும் கலந்துள்ளது.

அன்பார்ந்த பெற்றோரே, அடுத்தமுறை மலைக்குச் செல்கையில் உணவை மூடி வையுங்கள். எஞ்சியதையும் உறைகளையும் திரும்பக் கொண்டுவாருங்கள். இழுப்பு நோய்க்கு மருத்துவரை நாடுங்கள். பழம் கொடுக்கலாமா என்று குழந்தை கேட்டால், "கண்ணே, அதற்கு வேண்டியதைக் கடவுள் காட்டிலேயே வைத்திருக்கிறார்; நாம் எட்டி நின்று பார்ப்போம்" என்று சொல்லுங்கள். விலகி நிற்பதும் சிலவேளைகளில் அன்பே.