கடைக்கு ஒரு வாய்

கல்முனை பஸ் நிலையத்துப் பக்கம் ஏதாவதொரு தேத்தண்ணிக் கடையில் காலையில் போய் உட்காருங்கள். நீங்கள் எதுவும் கேட்கும் முன்பே மேசைக்கு ஒரு தட்டு வந்துவிடும். ரோல்ஸ், கட்லட், பெட்டிஸ், மீன் பணிஸ், உளுந்து வடை. சில கடைகளில் வாய்ப்பனும் சூசியமும் இருக்கும். பிடித்ததை எடுக்கலாம், பிடிக்காததை அப்படியே விடலாம். எழும்பும்போது எத்தனை சாப்பிட்டீர்கள் என்று கேட்பார்கள். நீங்கள் சொல்லும் எண்ணிக்கைக்குத்தான் காசு.

ஸ்பெயினின் வடக்குக் கரையில் சான் செபஸ்தியான் என்றொரு நகரம் இருக்கிறது. அங்கும் கணக்கு இப்படித்தான். கடை மேடை நிறையச் சின்னச் சின்னத் தின்பண்டங்களைக் குச்சி குத்தி அடுக்கி வைத்திருப்பார்கள். சாப்பிட்டு முடிந்ததும் மிஞ்சிய குச்சிகளை எண்ணிக் காசு வாங்குவது அந்த ஊர் வழக்கம். தெற்கே செவில் நகரத்தில் 1670 முதல் நடந்துவரும் எல் ரின்கோன்சில்யோ என்ற கடையில், வாடிக்கையாளரின் கணக்கை மர மேடையிலேயே சோக்கட்டியால் எழுதிக் கூட்டுகிறார்கள். ஒரே கடையில் வயிற்றை நிரப்பாமல், கடைக்கு ஒரு வாயாகச் சாப்பிட்டபடி ஊரை நடந்து பார்ப்பது ஸ்பானியர்களின் நெடுநாள் பழக்கம். அந்தச் சிறு தட்டுகளைத் ‘தாப்பாஸ்’ என்கிறார்கள். இப்போது அது ஒரு தொழிலாகவும் வளர்ந்திருக்கிறது. உள்ளூர் வழிகாட்டி ஒருவர் சிறு குழுவொன்றைப் பகலில் கூட்டிக்கொண்டு சந்தை, சந்து, கடை என்று மூன்று நான்கு மணி நேரம் நடக்கிறார். உலகம் முழுவதிலுமிருந்து ஆட்கள் பணம் கட்டி வருகிறார்கள்.

மதுவும் பன்றி இறைச்சியும் அந்தக் கடைகளில் தாராளம். நம்மவர்கள் கேட்டுக் கேட்டுத்தான் சாப்பிட வேண்டும். ஆனால் கேட்டால் கிடைக்கும். செவிலில் கீரையும் கொண்டைக்கடலையும் சேர்த்து வதக்கியது, கோர்தோபாவில் தேன் ஊற்றிய கத்தரிக்காய்ப் பொரியல், எங்கே போனாலும் பொரித்த மீன். நெல்லும் கரும்பும் கத்தரியும் அந்த மண்ணில் வேர்விட்டது முஸ்லிம்கள் ஆண்ட காலத்தில். 711இல் தொடங்கிய அந்த ஆட்சி 1492இல் கிரனடாவோடு முடிந்தது. செவில் பெரிய பள்ளிவாசலின் மினாரா இன்றைக்குத் தேவாலயத்தின் மணிக்கோபுரம். ஆற்றுக்கு அக்கரையில் திரியானா சந்தை. மீனும் ஒலிவ் காயும் விற்கும் அந்தச் சந்தை நிற்பது, மத விசாரணை மன்றம் நெடுங்காலம் குடியிருந்த சான் ஜோர்ஹே கோட்டையின் இடிபாடுகள் மீது. நல்ல வழிகாட்டி அந்த இடத்தில் நின்று, கையில் தட்டோடு இருக்கிறவர்களுக்கு இதையும் சொல்கிறார். காசு கொடுத்து வருகிறவர்களுக்குக் கிடைப்பது அதுதான். வெறும் சாப்பாட்டுக்கு வழிகாட்டி எதற்கு?

அம்பாறைக் கரையோரத்தில் பிறந்து வளர்ந்த எனக்கு இந்த விடயம் நெஞ்சில் உறுத்துகிறது. வடக்கே பாசிக்குடா, தெற்கே அறுகம்பே. இரண்டுக்கும் உல்லாசப் பயணிகள் குவிகிறார்கள். இடையில் கிடக்கும் நூறு கிலோமீற்றருக்கும் மேற்பட்ட கரை அவர்களுக்கு வாகனத்தின் கண்ணாடி வழியே ஓடி மறையும் ஒரு காட்சி. பெரியநீலாவணை, மருதமுனை, பாண்டிருப்பு, கல்முனை, கல்முனைக்குடி, சாய்ந்தமருது, மாளிகைக்காடு, காரைதீவு, நிந்தவூர் என்று ஊருக்கு ஊர் இடைவெளியே இல்லாமல் நெடுஞ்சாலையில் தொடுத்துக்கொண்டு போகின்றன. ஒன்று தமிழ் ஊர், அடுத்தது முஸ்லிம் ஊர், மறுபடி தமிழ் ஊர். ஒரு பகலுக்குள் இத்தனை சமையலறைகளைக் கால்நடையாகவும் இடையிடையே ஓட்டோவிலும் கடக்கக்கூடிய இடம் இலங்கையில் அதிகமில்லை.

வெளியூர் நண்பர்கள் வந்தால் நான் கூட்டிப்போகும் வழி கல்முனைக்குடிக் கடற்கரையில் தொடங்கும். விடிந்து கொஞ்ச நேரத்தில் கரைவலை இழுப்பார்கள். இரண்டு பக்கமும் ஆட்கள் வரிசையாக நின்று, கயிற்றை இடுப்பில் கொடுத்துப் பின்னுக்கு நடப்பார்கள். மடி கரைக்கு வரும்போது நெத்தலியும் கீரியும் துள்ளும், அந்த இடத்திலேயே ஏலம் கூறப்படும். அங்கே சாப்பிட ஒன்றும் இல்லை. ஆனாலும் அங்கேதான் தொடங்க வேண்டும், ஏனென்றால் அன்றைக்கு மதியம் தட்டில் வரப்போகும் மீன் அது.

பக்கத்தில் கடற்கரைப் பள்ளி. நாகூர் சாகுல் ஹமீது வலியுல்லாவின் நினைவாக எழுந்த தர்கா. ஆண்டுதோறும் கொடியேற்றி, 12 நாள் விழா எடுத்து, கடைசியில் கந்தூரிச் சோறு கொடுப்பார்கள். விழா நாட்களில் பள்ளிக்கு வெளியே மஸ்கட், தொதல், பூந்திக் கடைகள் வரிசை கட்டும். தமிழ் ஊர்களிலிருந்தும் நேர்த்தியோடு வருவார்கள். நாகப்பட்டினக் கரைக்கும் இந்தக் கரைக்கும் இடையில் ஓடிய பாய்க்கப்பல்களின் நினைவு அந்தக் கொடியிலும் கந்தூரிச் சட்டியிலும் இன்னும் இருக்கிறது.

இதே மணலில் நின்று 2004 டிசம்பர் 26ஐயும் சொல்லியாக வேண்டும். இலங்கையில் ஆழிப்பேரலை மிக அதிகமான உயிர்களைக் கொண்டுபோனது அம்பாறை மாவட்டத்தில்தான், 10,000க்கும் மேல். மருதமுனை, பாண்டிருப்பு, கல்முனைக்குடி, சாய்ந்தமருது, காரைதீவு எல்லாம் ஒரே காலையில் அடிபட்டன. கடலோரத்துச் சமையலறைகள் அடுப்போடு போயின. இன்றைக்கு இந்த ஊர்களில் சமைக்கிற கைகளில் பல அன்றைக்குத் தாயையோ பிள்ளையையோ இழந்த கைகள். வந்தவர்களிடம் இதை மறைத்துவிட்டு மீன் கறியை மட்டும் பரிமாற என் மனம் ஒப்பவில்லை.

காலைச் சாப்பாட்டுக்குக் கடைத்தெருவுக்குப் போகத் தேவையில்லை. குறுக்கு வீதிகளுக்குள் திரும்பினால் வீட்டு வாசல்களில் இடியப்பமும் அப்பமும் புட்டும் விற்கும் பெண்களைக் காணலாம். பிள்ளைகள் பாத்திரத்தோடு வந்து நிற்பார்கள். ஒரு வாசலில் இரண்டு இடியப்பமும் சொதியும், அடுத்த வாசலில் ஒரு பாலப்பம், அதற்கடுத்ததில் கூனிச் சம்பலோடு ஒரு பிடி புட்டு. புதியவரைக் கண்டால் “இரிங்க காக்கா, முதல்ல இதத் திண்டு பாருங்க” என்று கதிரையை இழுத்துப் போடுவார்கள். 2022இல் எரிவாயுவும் மாவும் கிடைக்காமல் நாடு திண்டாடியபோது, இந்த வாசல்களில் பல விறகு அடுப்புக்குத் திரும்பின.

அங்கிருந்து கல்முனைச் சந்தை. கருவாடு அடுக்கின பக்கம் முதலில் மூக்கைப் பிடிப்பார்கள், பிறகு விலை கேட்பார்கள். மண்சட்டியில் உறைந்த எருமைத் தயிரைப் பாணி ஊற்றி அங்கேயே சாப்பிடலாம். அரிசிக் கடையில் கொஞ்சம் அதிகமாக நிற்க வேண்டும். 1949இல் தொடங்கிய கல்லோயா நீர்ப்பாசனத் திட்டமும் அதில் கட்டிய சேனநாயக்க சமுத்திரமும் இந்த மாவட்டத்தின் வயல்களையும் குடிகளின் கணக்கையும் சேர்த்தே மாற்றின. சம்மாந்துறையிலும் நிந்தவூரிலும் பெரும்போகம், சிறுபோகம் என்றுதான் கலியாணம், கடன், வீடு கட்டல் எல்லாவற்றுக்கும் நாள் பார்ப்பார்கள். கடலுக்கும் வயலுக்கும் நடுவில் இவ்வளவு ஒடுங்கிய நிலத்தில் வாழ்வதால்தான் மீனும் சோறும் இங்கே இவ்வளவு நன்றாகச் சேர்கின்றன என்பது என் எண்ணம்.

வடக்கே மருதமுனைக்குப் போவதென்றால் கைத்தறிச் சத்தம் கேட்கும் வீதிகளில் ஒரு பிளேன்டீ. தெற்கே போவதையே நான் விரும்புவேன். சாய்ந்தமருதும் மாளிகைக்காடும் முடிந்து ஒரு வீதியைத் தாண்டினால் காரைதீவு. விபுலானந்த அடிகள் 1892இல் பிறந்த ஊர். அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் முதல் தமிழ்ப் பேராசிரியர் இந்த மணலில் விளையாடியவர். கண்ணகை அம்மன் கோயிலில் வைகாசியில் குளிர்த்தி நடக்கும்போது ஊரே பொங்கும். வெள்ளிக்கிழமை என்றால் பல வீடுகளில் மரக்கறி மட்டும்தான்: முருங்கைக்காய்க் குழம்பு, கத்தரிப் பாற்கறி, கீரை, அப்பளம், மோர். அரைக் கிலோமீற்றர் முன்னால் மாட்டிறைச்சி மணத்த அதே காற்று இங்கே தாளித்த கறிவேப்பிலை மணக்கும். ஆனால் புட்டு அதே புட்டு, சொதி அதே சொதி.

கிழக்கில் தமிழரும் முஸ்லிமும் புட்டும் தேங்காய்ப்பூவும் போல என்று மேடை தவறாமல் சொல்வார்கள். அந்தச் சொல்லை நான் நேசிக்கிறேன். அதனால்தான் 1985இலும் 1990இலும் இரு சமூகத்துக்கும் இடையே நடந்த வன்முறையை விழுங்கிவிட்டு அதைச் சொல்வது எனக்குப் பிடிப்பதில்லை. இந்த வீதியின் இரண்டு பக்கத்திலும் வீடுகள் எரிந்தன, இரண்டு பக்கத்திலும் மையித்துகளும் பிணங்களும் விழுந்தன. பிறகும் காரைதீவுக்காரர் சாய்ந்தமருதில் மீன் வாங்குகிறார், சாய்ந்தமருதுக்காரர் காரைதீவில் மரக்கறி வாங்குகிறார். செவில் வழிகாட்டி திரியானா சந்தையில் நின்று சொல்லக்கூடிய நேர்மை நமக்கும் வேண்டும்.

மதியத்துக்கு நெய்ச்சோறு. பெரிய தட்டில் குவித்த சோற்றைச் சுற்றி ஆறு பேர் உட்கார்ந்து, அவரவர் பக்கத்திலிருந்து அள்ளிச் சாப்பிடும் சஹன் முறை. நடுவில் இறைச்சி, ஓரத்தில் கத்தரிக்காய், அச்சாறு. கடைசியில் வட்டிலப்பம்: தேங்காய்ப்பாலும் முட்டையும் கருப்பட்டியும் ஏலமும் சேர்த்து அவித்தது. முன்பின் தெரியாத ஆறு பேர் ஒரு தட்டில் கை வைத்தால் பத்தாவது நிமிடத்தில் பேச்சு தொடங்கிவிடும். அந்நியர்களைச் சேர்த்துவைக்க தாப்பாஸ் கடைகளில் மது செய்யும் வேலையை இங்கே தட்டு செய்கிறது.

ஆனால் இந்தச் சஹனை எங்கே உட்கார்ந்து சாப்பிடுவது? கேள்வி இங்கேதான் முடிச்சுப் போடுகிறது. கடைகளில் கிடைப்பது புரியாணி, பராட்டா, இரவானால் கொத்து. அவற்றைக் குறை சொல்லவில்லை, ஆனால் அவை கொழும்பிலும் கிடைக்கும். இந்தக் கரைக்கே உரிய புளியாணமும், பாலாணமும், கூனிச் சுண்டலும், அடுக்கடுக்காகச் செய்யும் பணியாரமும் வீட்டுக்குள்ளே இருக்கின்றன, பெண்களின் கையில். கடைத்தெரு ஆண்களின் இடம். வீடோ பெண்ணுடையது. இங்கே கலியாணம் முடித்த மாப்பிள்ளைதான் பெண்ணின் வீட்டுக்குக் குடிவருவார், சீதன வீடு மகளின் பெயருக்கே எழுதப்படும். முஸ்லிம் ஊரிலும் தமிழ் ஊரிலும் இதே வழக்கம், தாய்வழிக் குடி முறையும் அப்படியே. 1969 முதல் அக்கரைப்பற்றில் ஆய்வு செய்த அமெரிக்க மானிடவியலாளர் டெனிஸ் மெக்கில்வ்ரே இதைப் பற்றி 2008இல் ஒரு பெரிய நூலே எழுதினார்.

ஆகவே கல்முனைக் கரையில் ஒரு சாப்பாட்டு நடை ஒழுங்குசெய்வதென்றால், அது கடைத்தெருவில் முடியக்கூடாது. ஒரு வீட்டில் முடிய வேண்டும். சமைத்த ராத்தாவே இது என்ன, யாரிடம் கற்றது, எந்தக் கலியாணத்தில் எத்தனை பேருக்கு ஆக்கியது என்று சொல்ல வேண்டும். கட்டணத்தின் பெரும்பங்கு அவருடைய கைக்கு நேரே போக வேண்டும். விருந்தாளியிடம் காசு வாங்குவதா என்று பெரியவர்கள் முகம் சுளிப்பார்கள் என்பது எனக்குத் தெரியும். இந்த ஊர்களில் வந்தவருக்குச் சோறு போடுவது கடமை, விலை அல்ல. அந்தப் பண்பை நான் மதிக்கிறேன். ஆனால் அதே வாசல்களில் அதே பெண்கள் விடியற்காலையில் இடியப்பம் விற்றுப் பிள்ளைகளைப் படிப்பிக்கிறார்கள், அதை யாரும் குறைவாகப் பேசுவதில்லை. ஒலுவில் தென்கிழக்குப் பல்கலைக்கழகத்தில் படித்து வெளியே வரும் பிள்ளைகளில் பலர் மூன்று மொழியும் பேசுவார்கள். வழிகாட்டிகளாக அவர்களை விடப் பொருத்தமானவர்கள் யார்? உள்ளூர் மகளிர் சங்கங்களும் மாநகர சபையும் சேர்ந்து உட்கார்ந்தால் பத்து வீடுகளோடு தொடங்கிவிடலாம். கவிஞர் எம். ஏ. நுஃமான் பிறந்த கல்முனைக்குடியில் சொல்வதற்குக் கதைக்கும் கவிதைக்கும் பஞ்சம் வராது.

வர நினைப்பவர்களுக்குச் சில வார்த்தைகள். கடல் அமைதியாக இருக்கும் ஏப்ரல் முதல் செப்டெம்பர் வரையான மாதங்கள் நல்லவை. மாரியில் கரைவலை இருக்காது, வெள்ளமும் வரலாம். வெள்ளிக்கிழமை ஜும்ஆ நேரத்தில் கடைகள் சாத்தியிருக்கும். ரமழானில் பகல் நடை சரிப்படாது, அஸருக்குப் பிறகு வந்தால் பள்ளிவாசல்களில் நோன்புக் கஞ்சி ஊற்றுவார்கள், யார் பாத்திரம் நீட்டினாலும் கிடைக்கும். பள்ளிக்கும் கோயிலுக்கும் ஏற்ற உடையோடு வாருங்கள். கொழும்பிலிருந்து இரவு பஸ் ஏறினால் வலை இழுக்கும் நேரத்துக்குக் கல்முனையில் இறங்கலாம். இராச்சாப்பாட்டை மட்டும் அரை வயிற்றோடு நிறுத்திக்கொண்டு ஏறுங்கள்.