உள்ளே விரியும் நீலப் பெட்டி

லண்டன் தெருமுனையில் ஒரு நீலப் பெட்டி. நாலு பேர் நெருக்கியடித்து நின்றாலே மூச்சு முட்டும். கதவைத் தள்ளி உள்ளே போனால் பெரிய கூடம், அதைத் தாண்டித் தாழ்வாரங்கள், நூலகம், நீச்சல் குளம் என்று போய்க்கொண்டே இருக்கிறது. பி.பி.சி.யின் 'டாக்டர் ஹூ' தொலைக்காட்சித் தொடரில் வரும் டார்டிஸ் இதுதான். எந்தக் காலத்துக்கும் எந்தக் கிரகத்துக்கும் போகும். காலத்தில் பயணம் செய்யும் இயந்திரத்தை எச். ஜி. வெல்ஸ் 1895-லேயே நாவலாக எழுதிவிட்டார். வெளியே சிறிதாகவும் உள்ளே பெரிதாகவும் இருப்பதே டார்டிஸின் தனிச்சிறப்பு. காலப் பயணத்தைவிட ஆழமான கற்பனை இது என்றே நான் நினைக்கிறேன்.

முதல் பகுதி 1963 நவம்பர் 23 அன்று ஒளிபரப்பானது. இயக்கியவர் லக்னோவில் பிறந்த வாரிஸ் ஹுசைன். விசித்திரமான ஒரு மாணவியைத் தேடி இரண்டு ஆசிரியர்கள் பழைய சாமான் கிடங்குக்கு வருகிறார்கள். அறிவியல் ஆசிரியர் பெட்டியைச் சுற்றி வந்து அளவை மனத்தில் வாங்கிக்கொள்கிறார். பிறகு உள்ளே நுழைந்தவர் கண்ணெதிரே இருப்பதை நம்ப முடியாமல் திகைக்கிறார். சுற்றிப் பார்த்துச் சோதித்த ஒருவரைத் திகைக்க வைத்ததால்தான் அந்தக் காட்சி இன்றும் உறைக்கிறது.

இறங்கும் இடத்துக்கு ஏற்ப உருமாறிக்கொள்வது டார்டிஸின் இயல்பு. அதற்கான பொறி பழுதாகி, 1963 லண்டனில் எடுத்த காவல் பெட்டி உருவத்திலேயே அது நின்றுவிட்டது என்கிறது கதை. ஒவ்வொரு கதைக்கும் புது உருவம் செய்யத் தயாரிப்பாளர்களிடம் பணமில்லை என்பதே நிஜக் காரணம். காவல் பெட்டிகள் கற்பனையல்ல. கில்பர்ட் மெக்கன்ஸி டிரெஞ்ச் வடிவமைத்து, 1929 முதல் லண்டன் தெருக்களில் நின்றவை. பொதுமக்கள் காவல் நிலையத்தோடு பேச வெளிப்பக்கம் ஒரு தொலைபேசி உண்டு. ரோந்து போகும் காவலரை அழைக்க உச்சியில் விளக்கு எரியும். கையடக்க வானொலிக் கருவிகள் வந்ததும் பெட்டிகளுக்கு வேலை போயிற்று. அந்த வடிவம் யாருக்குச் சொந்தம் என்ற வணிகச் சின்ன வழக்கில் லண்டன் காவல்துறை ஒரு பக்கம், பி.பி.சி. மறுபக்கம். 2002-ல் தீர்ப்பு பி.பி.சி.க்கே சாதகமானது. நிஜப் பெட்டி மறைந்து கற்பனைப் பெட்டி நிலைத்துவிட்டது.

டார்டிஸ் கிளம்பும்போது கேட்கும் மூச்சிரைப்பு போன்ற ஓசையை உருவாக்கியவர் பி.பி.சி. ஒலிக்கூடத்தின் பிரையன் ஹாட்ஜ்சன். பழைய பியானோவின் தடித்த கம்பிகளில் வீட்டுச் சாவியை இழுத்துப் பதிவுசெய்து, அந்த நாடாவைப் பலவிதமாகத் திரித்தார்.

சரி, சின்னப் பெட்டிக்குள் பெரிய இடம் எப்படி அடங்கும்? 1977-ல் வந்த ஒரு கதையில் தொடரின் நாயகரான டாக்டர் இரண்டு பெட்டிகளைக் காட்டி விளக்குகிறார். பெரிய பெட்டியைத் தூரத்தில் வைத்தால் கையிலிருக்கும் சின்னப் பெட்டியைவிடச் சிறிதாகத் தெரியும். அதை அதே தூரத்தில் வைத்துக்கொண்டே இங்கேயும் கொண்டுவர முடிந்தால், சின்னதற்குள் பெரியது அடங்கிவிடும் என்கிறார். கேட்க அழகாக இருக்கிறது, இயற்பியலாக நிற்காது. தோற்றத்தில் சுருங்குவது வேறு, அளவில் சுருங்குவது வேறு.

ஆனால் கேள்வி வீணானதல்ல. பள்ளியில் படித்த வடிவியலில், ஒரு கோளத்தின் மேற்பரப்பு தெரிந்தால் உள்ளே எவ்வளவு இடம் என்று கணக்கிட்டுவிடலாம். வெளி தட்டையாக இருந்தால்தான் இது செல்லும். பொருண்மை வெளியை வளைக்கிறது என்று ஐன்ஸ்டைன் 1915-ல் காட்டினார். வளைந்த வெளியில் மேற்பரப்பு சொல்வதைவிட உள்ளே அதிக இடம் இருக்கலாம். காலப் பயணத்துக்கும் கணக்கு உண்டு: 2013-ல் பென் டிப்பெட், டேவிட் சாங் என்ற இரு இயற்பியலாளர்கள், காலத்தில் முன்னும் பின்னும் போகும் குமிழி ஒன்றைச் சமன்பாடுகளாக எழுதி, முதலெழுத்துகள் டார்டிஸ் என்று வரும்படி அதற்குப் பெயரும் வைத்தார்கள். அதைக் கட்ட எதிர்மறை ஆற்றல் கொண்ட பொருள் வேண்டும். அப்படியொன்றை யாரும் திரட்டியதில்லை. காலப் பயணம் இப்போதைக்குத் தாளில்தான்.

உள்ளே பெரிதாக இருப்பது அப்படியல்ல. அது நம் காலடியிலேயே இருக்கிறது. பூமியின் மேற்பரப்பை அளந்து, அதிலிருந்து ஆரத்தைக் கணக்கிடுங்கள். பிறகு மையம் வரை ஒரு கோலை இறக்கி நேரடியாக அளக்க முடிந்தால், கணக்கைவிட ஏறத்தாழ 1.5 மில்லிமீட்டர் கூடுதலாக வரும். சூரியனுக்கு இந்த வித்தியாசம் சுமார் அரை கிலோமீட்டர். ரிச்சர்ட் ஃபெயின்மன் தம் இயற்பியல் விரிவுரைகளின் இரண்டாம் தொகுதியில், 42-ஆம் அத்தியாயத்தில், தளத்தில் ஊரும் பூச்சியில் தொடங்கி இந்தக் கணக்கு வரை படிப்படியாக அழைத்துப் போகிறார். இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. பிளஸ் டூ கணிதம் நினைவிருப்பவர்கள் அவசியம் படித்துப் பாருங்கள்.