குரோம்பேட்டைக்கு வந்த ராமேஸ்வரத்துப் பையன்

கிழக்குத் தாம்பரத்தில் ஒரு பள்ளியின் வினாடி வினாவுக்கு நடுவராகப் போயிருந்தேன். தலைப்பு ‘உலகத் தலைவர்கள்’. அமெரிக்க ஜனாதிபதிகள் என்றால் பிள்ளைகளுக்குத் தண்ணீர் பட்ட பாடு. காப்புரிமை வாங்கிய ஒரே ஜனாதிபதி? லிங்கன், மணல் திட்டில் தட்டி நிற்கும் படகைத் தூக்கிவிடும் கருவிக்கு, 1849இல். முனைவர் பட்டம் வாங்கிய ஒரே ஜனாதிபதி? உட்ரோ வில்சன். முதன்முதலில் விமானத்தில் பறந்தவர்? தியோடர் ரூஸ்வெல்ட், பதவியை விட்டிறங்கிய மறு ஆண்டு, 1910இல். கேள்வி முடியுமுன் மணியை அடித்தார்கள்.

கடைசியில் நானாக ஒன்று கேட்டேன். “இங்கிருந்து மின்சார ரயிலில் ஏறினால் இரண்டாவது ஸ்டேஷன். அந்த ஊரில் மூன்று வருஷம் விடுதியில் தங்கிப் படித்த நம் குடியரசுத் தலைவர் யார்?” மேடையில் ஒருவரும் மணி அடிக்கவில்லை. பார்வையாளர் வரிசையிலிருந்து ஒரு சிறுமி எழுந்து, “கலாம் சாரா?” என்று தயங்கிக் கேட்டாள்.

கலாம் சாரேதான். தினமும் எம்.ஐ.டி. மேம்பாலத்தைக் கடந்து போகிற பிள்ளைகளுக்கு அது தெரியாமல் போனதில் அவர்கள் குற்றம் ஒன்றுமில்லை. நாம் சொல்லவில்லை.

குரோம் தோல் தொழிற்சாலையால் பெயர் பெற்ற ஊர் குரோம்பேட்டை. அங்கே 1949இல் மெட்ராஸ் இன்ஸ்டிடியூட் ஆஃப் டெக்னாலஜியை, அதாவது எம்.ஐ.டி.யை, தொடங்கியவர் சி. ராஜம். அதற்காகத் தம் சொந்த வீட்டையே விற்றார். விமானம், மோட்டார் வாகனம், மின்னணுவியல், கருவியியல் என்று அன்றைக்கு நம் நாட்டில் அரிதாக இருந்த நான்கு பிரிவுகள். பி.எஸ்சி. முடித்தவர்களும் பொறியியலுக்குள் நுழைய அவர் திறந்து வைத்த வாசல் அது. அந்த வாசல் இல்லாவிட்டால், திருச்சி செயின்ட் ஜோசப் கல்லூரியில் இயற்பியல் முடித்துவிட்டு, பொறியியல் அல்லவா படித்திருக்க வேண்டும் என்று தவித்த ராமேஸ்வரத்துப் பையனுக்கு 1954இல் வேறு வழி இருந்திருக்காது.

இடம் கிடைத்தது, பணம் இல்லை. ஆயிரம் ரூபாய் வேண்டும். அக்காள் ஜோஹரா தன் தங்க வளையல்களையும் சங்கிலியையும் அடகு வைத்துக் கொடுத்தார். சொந்தச் சம்பாத்தியத்தில் அந்த நகையை மீட்டுத் தருவேன் என்று தம்பி மனதுக்குள் உறுதி எடுத்துக்கொண்டார். கலாமின் சுயசரிதையான ‘அக்னிச் சிறகுகள்’ படித்த எல்லோருக்கும் இது தெரியும். ஆனால் தலைவர்களைப் பற்றிய துணுக்கு என்று நாம் சொல்லிப் போகிற எதைப் பிரித்துப் பார்த்தாலும், உள்ளே இப்படி இன்னொருவரின் கை இருக்கிறது. நான் பிள்ளைகளுக்குச் சொல்ல ஆசைப்படுவது அந்தக் கைகளைப் பற்றித்தான்.

கல்லூரி வளாகத்தில் பணி முடிந்த விமானங்கள் இரண்டு காட்சிக்கு நின்றன. மற்ற மாணவர்கள் விடுதிக்குப் போன பிறகும் கலாம் அவற்றின் பக்கத்தில் உட்கார்ந்திருப்பார். அதே 1954இல்தான் விமானப்படையின் பயிற்றுநர் பள்ளி அம்பாலாவிலிருந்து தாம்பரத்துக்கு மாறி வந்தது. கீழே பறக்காத இரண்டு விமானங்கள்; தெற்கே நாலு கிலோமீட்டர் தள்ளி, விமானிகள், மற்றவர்களுக்குப் பறக்கக் கற்றுக்கொடுப்பது எப்படி என்று கற்றுக்கொள்ளும் தளம். விமானத்தின்மீது பித்துக் கொண்ட பையனுக்கு இதைவிட வேறென்ன வேண்டும்!

அன்றைய எம்.ஐ.டி.யின் ஆசிரியர்களைப் பற்றித் தனியாகவே ஒரு கட்டுரை எழுதலாம். இரண்டாம் உலகப் போரில் ஜெர்மனிக்காக ஃபோக்கவுல்ஃப் 190 போர் விமானத்தை வடிவமைத்த குர்ட் டாங்க் குரோம்பேட்டையில் இருந்திருக்கிறார். பிறகு பெங்களூரு எச்.ஏ.எல். சென்று ‘மாருத்’ ஜெட்டை வடிவமைத்தார். விமானத் துறைக்குத் தலைவர் வால்டர் ரெப்பந்தின் என்ற ஜெர்மானியர். காற்றியக்கவியல் நடத்திய ஸ்பாண்டர், நாஜிகளின் சித்திரவதை முகாமில் அடைபட்டு மீண்ட ஆஸ்திரியர். ஒரே கூரையின் கீழ் இத்தனை பேரும்! எந்தப் பிரிவை எடுப்பது என்று கலாம் யோசனை கேட்கப் போனது ஸ்பாண்டரிடம்தான். எதிர்காலம் எப்படி இருக்குமோ என்று கவலைப்படாதே, அடித்தளத்தைப் பலமாகப் போடு என்றார் அவர்.

இன்னொருவர் இயக்குநர் சீனிவாசன். தாழப் பறந்து தாக்கும் விமானம் ஒன்றை வடிவமைக்கும் வேலை கலாமையும் சில நண்பர்களையும் கொண்ட குழுவுக்குத் தரப்பட்டிருந்தது. ஒரு வெள்ளிக்கிழமை பார்வையிட வந்தவருக்கு வேலையின் நிலை திருப்தி இல்லை. ஒரு மாதம் அவகாசம் கேட்டார் கலாம். திங்கட்கிழமை காலைக்குள் வரைபடம் வராவிட்டால் உதவித்தொகை நின்றுவிடும் என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார் இயக்குநர். உதவித்தொகை நின்றால் படிப்பே நின்றுவிடும். ராச்சாப்பாட்டை விட்டு, தூக்கத்தை விட்டு, வரைபலகையே கதியாகக் கிடந்தார். ஞாயிற்றுக்கிழமை காலை, ஏறக்குறைய முடிகிற நேரத்தில், யாரோ நிற்பதுபோல் தோன்றித் திரும்பினால் டென்னிஸ் உடையில் சீனிவாசன். விளையாடிவிட்டு நேராக இங்கே வந்திருக்கிறார். நடக்காத கெடுவைத் தெரிந்தேதான் கொடுத்தேன், இவ்வளவு நன்றாகச் செய்வாய் என்று நினைக்கவில்லை என்று முதுகில் தட்டிக்கொடுத்தார். ஞாயிற்றுக்கிழமை தன் மாணவனைத் தேடி வந்து பார்த்தாரே, எனக்கு அதுதான் பெரிதாகப் படுகிறது.

பத்திரிகை வாசகர்களுக்கென்று ஒன்று: எம்.ஐ.டி. தமிழ்ச் சங்கம் நடத்திய கட்டுரைப் போட்டியில், நம் விமானத்தை நாமே செய்வோம் என்று தமிழில் எழுதி முதல் பரிசு வாங்கினார் கலாம். பரிசைக் கொடுத்தவர் ‘ஆனந்த விகடன்’ ஆசிரியர் தேவன். அந்தக் காலத்தில் அதே வளாகத்தில் மின்னணுவியல் படித்த இன்னொரு மாணவர் பின்னாளில் சுஜாதா ஆனார்.

மூர் மார்க்கெட் கதையும் உண்டு. ராமேஸ்வரத்தில் புயல் என்று சேதி வருகிறது. ஊருக்குப் போகக் கையில் காசில்லை. பரிசாகக் கிடைத்த விலை உயர்ந்த பொறியியல் புத்தகம் ஒன்றைப் பழைய புத்தகக் கடைக்கு எடுத்துக்கொண்டு போகிறார். கடைக்காரர் ரயில் செலவுக்குப் பணத்தைக் கொடுத்துவிட்டு, இந்தப் புத்தகத்தை விற்க மாட்டேன், திரும்பி வந்து வாங்கிக்கொள் என்று எடுத்து வைத்துவிட்டார். அந்த மார்க்கெட் 1985இல் எரிந்து போயிற்று.

நம் பக்கத்தோடு தொடர்புடைய தலைவர் கலாம் ஒருவர்தான் என்றில்லை. சேலையூரில் பச்சைப்பசேல் என்று நிற்கும் கிறித்தவக் கல்லூரியின் மாணவர் ராதாகிருஷ்ணன். அவர் படித்தபோது கல்லூரி பாரிமுனைப் பக்கம் இருந்தது. தாம்பரத்துக்கு வந்தது 1937இல். உறவினர் ஒருவர் படித்து முடித்த தத்துவப் பாடநூல்கள் செலவில்லாமல் கிடைத்ததால்தான் தத்துவத்தை எடுத்தார் என்பார்கள். நீலம் சஞ்சீவ ரெட்டி சிறுவயதில் படித்தது அடையாறு தியாசபிகல் பள்ளியில். ஆர். வெங்கட்ராமன் சென்னை மாகாணத் தொழில் அமைச்சராக இருந்தபோது உருவானது கிண்டி தொழிற்பேட்டை.

கிண்டியில் இன்னொரு நாளும் உண்டு. 2002 ஜூன் 10. அண்ணா பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்த கலாம் வகுப்பை முடித்து வெளியே வருகிறார். அவருடைய அறையில் தொலைபேசி ஓயாமல் அடித்துக்கொண்டிருக்கிறது. மறுமுனையில் பிரதமர் வாஜ்பாய். குடியரசுத் தலைவர் ஆக வேண்டும் என்கிறார். யோசிக்க இரண்டு மணி நேரம் கேட்டார் கலாம். எம்.ஐ.டி. 1978இலேயே அண்ணா பல்கலைக்கழகத்தோடு இணைந்துவிட்டது. ஆகவே, அந்த அழைப்பு அவரைத் தேடி வந்தது அவர் படித்த கல்லூரியின் தாய்வீட்டுக்குத்தான்.

விமானி ஆகும் ஆசை மட்டும் டேராடூனில் உடைந்திருந்தது. தேர்வுக்கு வந்தவர்கள் 25 பேர், எடுத்தது 8 பேரை, இவர் ஒன்பதாவது. 2006 ஜூன் 8ஆம் தேதி, 74 வயதில், முப்படைகளின் தலைவராகப் புனேயில் சுகோய்-30 விமானத்தில் ஏறிப் பறந்தார். ரூஸ்வெல்டைக் கேட்டால் மணி அடிக்கும் பிள்ளைகளுக்கு இந்தத் தேதியும் தெரிய வேண்டும்.

பள்ளியில் அன்று அந்தச் சிறுமி பரிசளிப்பு முடிந்ததும் என்னிடம் வந்து, கலாம் சார் எம்.ஐ.டி.யில் முதல் ரேங்கா என்று கேட்டாள். ரேங்க் விவரத்துக்குப் பதிலாக ஒரு போட்டோவைப் பற்றிச் சொன்னேன். படிப்பு முடிந்து பிரிவுபசாரக் குழுப்படம் எடுக்கிறார்கள். முன்னால் பேராசிரியர்கள் உட்கார்ந்திருக்க, பின்னால் மாணவர்கள் மூன்று வரிசை. கலாம் மூன்றாவது வரிசையில். திடீரென்று ஸ்பாண்டர் நாற்காலியிலிருந்து எழுந்து, கண்ணால் தேடி, கலாமைக் கூப்பிட்டார். முன்வரிசைக்கு வரச்சொல்லித் தன் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டார். அதற்குப் பிறகுதான் படம் எடுத்தார்கள்.