தங்கவயல் தோட்டங்கள் – 9: ஐப்பசியில் விதைத்த நீலம்

ஃபர்கெட்-மி-நாட் என்னும் நீலச் சிறு புஷ்பம் ஊட்டிக்கும் கொடைக்கானலுக்குமே உரியது, ஆண்டர்சன்பேட்டைச் செம்மண்ணில் அது பிழைக்காது என்று நம் ஊரில் செடி கொடிகளில் பற்றுள்ள பலரும் உறுதியாகச் சொல்வதுண்டு. அந்த அபிப்பிராயத்தில் பாதி உண்மை. மற்றப் பாதியை லைன் வீட்டு வாசலில் இரண்டு முழ மண் வைத்திருக்கிறவர்களும் அறிந்துகொள்ள வேண்டும் என்பதனாலேயே இவ்வாரம் இதை எடுத்துக்கொண்டேன்.

ஐரோப்பியரின் பாடல்களிலும் வாழ்த்து மடல்களிலும் இடம்பெற்ற அசல் செடிக்குத் தாவர நூலார் இட்ட பெயர் மயோசோடிஸ். ஒரு வருஷம் இலை விட்டு, பனிக்காலத்தைக் கடந்து, மறு வசந்தத்தில் பூப்பதே அதன் சுபாவம். ஏழாயிரம் அடிக்கு மேலுள்ள உதகமண்டலத்தின் ஈரமும் குளிரும் அதற்கு இசையும். ஏறத்தாழ 2,800 அடி உயரமே உள்ள நமது மேட்டுநிலத்தில், மார்கழி இரவுகள் எவ்வளவு இதமாயிருந்தாலும், பங்குனி வெயில் தலைகாட்டியவுடன் அது கருகிவிடும். ஆனால் அதே குடும்பத்தில் பிறந்து, சீனத்திலும் திபெத்திலும் பூட்டானிலும் தானாக வளர்வதும், சீன ஃபர்கெட்-மி-நாட் என்றே விதை வியாபாரிகளால் வழங்கப்படுவதுமான சைனோகிளாஸம் என்னும் செடி, விதைத்த அதே பருவத்தில் பூத்துத் தன் வாழ்வை முடித்துக்கொள்வது. ஆகையால் கோடை வருவதற்குள் அதன் காரியம் நிறைவேறிவிடுகிறது. சமவெளித் தோட்டக்காரர்கள் குளிர்காலப் பூக்களோடு சேர்த்து விதைப்பது இதைத்தான். நமக்கும் உகந்தது இதுவே.

மண்ணைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டியிருக்கிறது. நமது செம்மண் மழையில் இளகி வெயிலில் இறுகும் தன்மையது; அதை இலகுவாக்க மணல் கலப்பது எல்லோரும் கையாளும் வழி. இங்கே மணலுக்குப் பஞ்சமில்லை என்று எண்ணி, வீட்டுக்கு எதிரே மலைபோல் நிற்கும் சயனைடு மேட்டிலிருந்து ஒரு கூடை அள்ளிவரச் சிலருக்குத் தோன்றும். அந்த எண்ணத்தை அடியோடு விட்டுவிட வேண்டும். 1880-இல் ஜான் டெய்லர் கம்பெனியார் வேலை தொடங்கியது முதல் 2001 பிப்ரவரி 28-இல் சுரங்கம் மூடப்பட்டது வரை, பூமியின் வயிற்றிலிருந்து வெட்டியெடுத்த பாறையை மாவாக இடித்து, சயனைடுக் கரைசலால் பொன்னைப் பிரித்தபின் எஞ்சியதே அங்கே மூன்று கோடி டன்னுக்கும் மேலாகக் குவிந்து கிடக்கிறது. அதில் செடிக்கு ஆகாரமாகும் மக்கு நாஸ்தி. பல இடங்களில் புல்லும் பிடிக்க மறுக்கிறது. குழந்தைகள் கை வைத்து விளையாடும் வாசலுக்கு அம்மண்ணைக் கொண்டுவருவது பெரும் தவறு. ஆடிக்காற்று அந்த மேடுகளின் புழுதியை வீட்டுக்குள் வரை கொண்டுவந்து கொட்டுவதை அனுபவித்தவர்களுக்கு நான் அதிகம் சொல்ல வேண்டியதில்லை. அக்காற்று ஓயுமுன் எந்த மென்மையான நாற்றையும் வெளியில் வைக்கலாகாது. ஆற்றுமணல் கிடைக்காவிட்டால், நன்கு மக்கிய சாணி எருவும் இலைச்சருகுமே போதும்.

விதைப்புக்கு ஏற்ற காலம் ஐப்பசி. கனமழை சற்றே தணிந்து, நிலத்தில் ஈரம் நிலைத்து, இரவுகள் குளிரத் தொடங்கும் அந்த நாள்களில், பாத்தியைக் கொத்திச் சமன் செய்து, கால் அங்குல ஆழத்தில் விதையை இட்டு மண்ணால் மூடிவிட வேண்டும். எங்கள் தெருவில் சுரங்கத் தொழிலாளியின் மனைவியாக இருந்து மூப்படைந்த ஒரு பெரியம்மா, "மேலாலே தூவிட்டுப் போயிடாதே தம்பி, வெளிச்சம் பட்டா இது மொளைக்காது" என்று ஒரு முறை என்னை எச்சரித்தார். அவர் சொன்னது சாஸ்திரத்துக்கும் ஒத்ததே: இவ்விரு செடிகளின் விதைகளும் இருளிலேதான் நன்கு முளைக்கின்றன. ஒன்று இரண்டு வாரங்களில் முளை தெரியும். ஆணிவேர் நேரே கீழிறங்கும் செடியாதலால் பிடுங்கி நடுவது இதற்கு ஆகாது. நெருங்கி முளைத்தவற்றைக் களைந்து, முக்கால் அடிக்கு ஒன்றாக விட்டுவிடுவதே முறை. தண்ணீரைக் காலையில், வேரில் ஊற்ற வேண்டும். மாலையில் இலை நனைந்தால் சாம்பல் நோய் பற்றிக்கொள்ளும்.

தை பிறக்கும்போது மொட்டுக் கட்டும். பூங்கொத்தின் நுனி தேளின் கொடுக்கைப்போல் உட்சுருண்டிருப்பதையும், ஒவ்வொரு மொட்டாக மலர மலர அந்தச் சுருள் அவிழ்ந்து நீள்வதையும் அருகில் உட்கார்ந்து கவனிக்க வேண்டும்; சாம்பல் பூத்த இலைகளுக்கு மேலே ஐந்து இதழ்கள் விரிந்து, நடுவில் வெண்ணிறச் செதில்கள் தொண்டையை அடைத்து நிற்க, அந்த நீலம் மேகமற்ற தை மாதத்து ஆகாயத்துக்கே உரியதாயிருக்கும். இக்குடும்பம் நமக்கு அந்நியமன்று. தரிசு நிலங்களில் வெளிர்நீலப் பூக்களைத் தலைகவிழ்த்து நிற்கும் கவிழ்தும்பையும் இதன் சுற்றமே. அதைக் காலால் மிதித்துக்கொண்டே, கடல் கடந்து வந்த உறவினனுக்காக நாம் ஏங்குகிறோம் என்பது எனக்கு எப்போதும் வருத்தம் தருவது.

ஒவ்வொரு பூவும் நான்கு சிறு கொட்டைகளாகக் காய்க்கிறது. அவற்றின் மேல் நுண்ணிய கொக்கிகள் உண்டு. நாயுருவியைப்போல் வேட்டியிலும் புடவையிலும் ஒட்டிக்கொண்டு ஊர் சுற்றும் சாமர்த்தியம் அவற்றால் வந்ததே. மாசியில் காய் பழுப்பேறியதும், உதிருமுன் தண்டோடு அறுத்து, நிழலில் காகிதத்தின் மேல் உலர்த்தி, காகித உறையிலேயே இட்டு வைக்க வேண்டும். பிளாஸ்டிக் உறையில் வியர்த்துப் பூசணம் பிடிக்கும். ஒரு செடியே அக்கம்பக்கத்து நாலைந்து வாசல்களுக்குப் போதுமான விதை தரும். உறையின் மேல் மாதத்தையும் வருஷத்தையும் எழுதிவைத்து, அடுத்த ஐப்பசிக்குள் விதைத்துவிடுவது நலம். பழைய விதை சோம்பிப்போகும்.

(தொடரும்)