வாஷிங்டன் போட்ட அம்மைக் கணக்கு

1776 மே மாதம். ஆங்கிலேயருக்கு எதிரான விடுதலைப் போரில் நியூயார்க்கில் முகாமிட்டிருந்த அமெரிக்கப் படைக்கு அதன் தலைமைத் தளபதி ஜார்ஜ் வாஷிங்டனிடமிருந்து கண்டிப்பான உத்தரவு ஒன்று வந்தது. யாரும் அம்மை குத்திக்கொள்ளக் கூடாது. மீறும் அதிகாரியின் பதவி பறிபோகும். இதற்கு ஒன்பது மாதம்கூட முடியவில்லை. 1777 பிப்ரவரி 6 அன்று அதே வாஷிங்டன் படை மருத்துவர் வில்லியம் ஷிப்பனுக்குக் கடிதம் எழுதினார். இதுவரை பெரியம்மை வராத படைவீரர் அத்தனை பேருக்கும் அம்மை குத்தச் சொன்னது அந்தக் கடிதம்.

இடைப்பட்ட காலத்தில் புதிய மருந்து எதுவும் வந்துவிடவில்லை. வாஷிங்டனுக்கு அந்த முறையில் அவநம்பிக்கையும் இருந்ததில்லை. படைக்குத் தடை போட்ட அதே மே மாதத்தில் அவர் மனைவி மார்த்தா பிலடெல்பியாவில் அம்மை குத்திக்கொண்டார். கணவருக்கு அதில் மகிழ்ச்சிதான். பிறகு ஏன் முதலில் தடை, அப்புறம் கட்டாயம்? பின்னாளில் அமெரிக்காவின் முதல் அதிபரான அந்த மனிதர் நோயின் போக்கை எப்படிக் கணக்கிட்டார் என்பதில் இருக்கிறது விடை.

பெரியம்மையை உண்டாக்குவது வேரியோலா வைரஸ். அது உடலில் புகுந்த பிறகு ஏறத்தாழ 10 முதல் 14 நாள் வரை எந்த அறிகுறியும் தெரியாது. பிறகு கடும் காய்ச்சல், முதுகுவலி; அடுத்து முகத்திலும் கைகால்களிலும் கொப்புளங்கள். கடைசிப் பொருக்கு உதிரும்வரை நோயாளி அடுத்தவருக்கு ஆபத்து. அதன் கொடிய வகை தாக்கியவர்களில் பத்துக்கு மூன்று பேர் இறந்தார்கள். தப்பியவர்களுக்குத் தழும்புகளோடு இன்னொன்றும் மிஞ்சியது: அந்த நோய் மறுபடி வராது என்ற உறுதி, ஏறக்குறைய ஆயுள் முழுவதற்கும்.

வாஷிங்டனுக்கு அந்த உறுதி 19 வயதிலேயே கிடைத்துவிட்டது. காசநோயால் வாடிய அண்ணன் லாரன்ஸுக்கு வெப்பமண்டலக் காற்று நல்லது என்று சொன்னார்கள். 1751-இல் அவருக்குத் துணையாக வாஷிங்டன் பார்படோஸ் தீவுக்குக் கப்பலேறினார். அவர் வாழ்நாளில் அமெரிக்க நிலத்தைவிட்டு வெளியே சென்றது அந்த ஒரு முறைதான். போன இரண்டு வாரத்தில் பெரியம்மை கண்டது. சில வாரங்கள் படுக்கையில் கிடந்து எழுந்தார். அண்ணன் அடுத்த ஆண்டே இறந்துபோனார். தம்பியோ கால் நூற்றாண்டு கழித்து, அம்மை பரவிய முகாம்களுக்குள் அச்சமின்றி நடமாடினார்.

தடுப்பூசி பிறப்பதற்கு முந்தைய காலம் அது. அன்று இருந்த தடுப்புமுறை, பெரியம்மைக் கொப்புளத்தின் சீழை எடுத்து நலமாக இருப்பவரின் தோலில் சிறு கீறல் போட்டுத் தடவுவது; அம்மை குத்துதல் என்பது இதுதான். ஆப்பிரிக்காவிலும் துருக்கியிலும் வங்காளத்திலும் இது முன்பே வழக்கத்தில் இருந்தது. பாஸ்டனுக்கு இதைக் கொண்டுவந்தவர் ஒனிசிமஸ் என்ற ஆப்பிரிக்க அடிமை. தன் ஊரில் இப்படிச் செய்வார்கள் என்று எஜமானரான பாதிரியார் காட்டன் மேதரிடம் அவர் சொன்னார். 1721-இல் பாஸ்டனைக் கொள்ளைநோய் தாக்கியபோது மேதரின் தூண்டுதலால் மருத்துவர் போயில்ஸ்டன் அதைச் செய்து பார்த்தார். அந்த ஆண்டு நகரில் இயல்பாக நோய் கண்ட சுமார் 6,000 பேரில் 844 பேர் இறந்தார்கள். அம்மை குத்திக்கொண்ட ஏறத்தாழ 250 பேரில் இறந்தவர்கள் 6 பேர். நூற்றுக்குப் பதினான்கு எங்கே, நூற்றுக்கு இரண்டரை எங்கே!

ஒரே வைரஸ் ஒரு வழியில் வந்தால் கொல்கிறது, இன்னொரு வழியில் வந்தால் பெரும்பாலும் விட்டுவிடுகிறது. இது எப்படி? இயல்பாகத் தொற்றும்போது வைரஸ் மூச்சுவழியே நுழைந்து, உடல் சுதாரிப்பதற்குள் நிணநீர் முடிச்சுகளிலும் உள்ளுறுப்புகளிலும் பெருகிவிடுகிறது. தோல் கீறல் வழியே நுழைந்தால் முதலில் அந்தச் சிறிய இடத்திலேயே பெருக வேண்டியிருக்கிறது. தோலிலோ நோய் எதிர்ப்பு உயிரணுக்கள் அடர்த்தியாகக் காவல் இருக்கின்றன. வைரஸ் உடலெங்கும் பரவுமுன்பே எதிர்ப்பாற்றல் விழித்துக்கொள்கிறது என்பதே இன்றைய விளக்கம். அம்மை குத்தியவருக்குக் காய்ச்சல் சில நாள் முன்னதாகவே வருவதும், கொப்புளங்கள் குறைவாக இருப்பதும் இதனால்தான்.

ஆனால் இதில் ஒரு சிக்கல் உண்டு. குத்திக்கொண்டவருக்கு வருவது மிதமானதாக இருந்தாலும் உண்மையான பெரியம்மைதான். அவரிடமிருந்து தொற்றுகிறவருக்கு அது மூச்சுவழி, முழு வீரியத்தோடு போகும். ஒருவருக்குப் பாதுகாப்பு, பக்கத்தில் படுத்திருப்பவருக்கு எமன். மூன்று, நான்கு வாரம் தனிமைப்படுத்த முடியாத இடத்தில் அம்மை குத்தினால், கொள்ளைநோயை நாமே கையைப் பிடித்து அழைத்து வந்ததாகிவிடும்.

அமெரிக்கப் படையின் பலவீனமும் இங்கேதான் இருந்தது. இங்கிலாந்தின் நெரிசலான ஊர்களில் பெரியம்மை ஒருபோதும் ஓய்ந்ததில்லை. அங்கிருந்து வந்த படைவீரர்களில் பெரும்பாலோர் சிறுவயதிலேயே அதைக் கண்டு தேறியவர்கள். அமெரிக்கப் படையில் சேர்ந்தவர்களோ தொலைதூரப் பண்ணைகளில் வளர்ந்த இளைஞர்கள். பத்து மைலுக்கு ஒரு வீடு இருக்கும் இடத்தில் நோய் தொடர்ந்து வாழ முடியாது. எப்போதாவது வந்து, எரிக்க ஆள் இல்லாமல் அணைந்துவிடும். அப்படிப்பட்டவர்களை ஆயிரக்கணக்கில் ஒரே முகாமில் சேர்த்தது காய்ந்த வைக்கோலைப் போராகக் குவித்து வைத்தது போலாயிற்று.

வாஷிங்டன் இதை அறிந்திருந்தார். 1776 மார்ச்சில் ஆங்கிலேயர் பாஸ்டனைக் காலி செய்தபோது, நகருக்குள் முதலில் நுழைய அவர் அனுமதித்தது ஏற்கெனவே அம்மை கண்டவர்களை மட்டும்தான். அடுத்து எதிரியின் கப்பல்கள் நியூயார்க்கை நோக்கி எந்த நாளிலும் வரலாம் என்ற நிலை. அப்போது படையில் பாதிப் பேருக்கு அம்மை குத்திப் படுக்க வைத்தால் நகரை யார் காப்பது? இரகசியமாகக் குத்திக்கொள்ளும் ஒருவன் தன்னைக் காத்துக்கொண்டு தோழர்களைச் சாய்த்துவிடுவான். ஆகவே தடை.

அதே நேரத்தில், என்ன நடக்கலாம் என்பது வடக்கே கனடாவில் நடந்தே தெரிந்தது. கியூபெக்கை முற்றுகையிட்டிருந்த அமெரிக்கப் படைக்குள் பெரியம்மை புகுந்து ஆயிரக்கணக்கானோரை வீழ்த்தியது. படைக்குத் தலைமை தாங்கிய ஜெனரல் ஜான் தாமஸ் அடிப்படையில் மருத்துவர். 1776 ஜூன் 2 அன்று அவரே பெரியம்மையால் இறந்தார். எஞ்சியவர்கள் நோயாளிகளைச் சுமந்தபடி பின்வாங்கினார்கள்.

1776 முடிந்தபோது கணக்கின் இலக்கங்கள் மாறியிருந்தன. ட்ரென்டனிலும் பிரின்ஸ்டனிலும் வென்ற கையோடு வாஷிங்டன் நியூஜெர்சியின் மோரிஸ்டவுனில் குளிர்காலத்துக்குப் பாளையம் இறங்கினார். எதிரியும் குளிருக்கு ஒடுங்கிக் கிடந்தான். பழைய வீரர்களில் பலருடைய ஒப்பந்தக் காலம் முடிந்து, புதியவர்கள் சிறு சிறு கூட்டமாக வந்து சேரத் தொடங்கியிருந்தார்கள். அவர்களுக்கு உடையும் ஆயுதமும் கிடைக்கவே வாரக்கணக்காகும். அந்தக் காத்திருப்பிலேயே, முகாமுக்கு வந்து சேரும் முன்பே, வழியில் வைத்து அம்மை குத்திவிட்டால்? நேரமும் வீணாகாது, முகாமிலும் நோய் பரவாது.

அப்படியும் அவர் எளிதில் முடிவெடுக்கவில்லை. ஜனவரியில் ஒரு முறை உத்தரவிட்டு, பிறகு தயங்கி, பிப்ரவரியில்தான் உறுதியானார். எதிரியின் வாளைவிட இந்த நோய்க்குத்தான் அஞ்ச வேண்டியிருக்கும் என்பது ஷிப்பனுக்கு அவர் சொன்ன காரணம். பிலடெல்பியாவிலும் மோரிஸ்டவுனிலும் வேலை தொடங்கியது. தேவாலயங்கள் மருத்துவமனைகளாயின. படைவீரர்கள் ஊரார் வீடுகளில் தங்கியிருந்ததால் ஊராருக்கும் குத்த வேண்டியதாயிற்று. படையில் எத்தனை பேர் படுக்கையில் கிடக்கிறார்கள் என்று ஆங்கிலேயருக்குத் தெரிந்தால் அதோடு போர் முடிந்துவிடும் என்பதால் எல்லாம் கமுக்கமாகவே நடந்தது.

உயிர்ச்சேதமே இல்லாமல் போகவில்லை. குத்திக்கொண்டவர்களில் சிலர் மாண்டார்கள், மோரிஸ்டவுன் மக்களிடையேயும் நோய் பரவிப் பலர் இறந்தார்கள். ஆனால் கனடாவில் நேர்ந்ததைப் போன்ற முடக்கம் அமெரிக்கப் படைக்கு மறுபடி நேரவில்லை. 1775 முதல் 1782 வரை வட அமெரிக்காவைச் சூறையாடிய அந்தக் கொள்ளைநோய் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டோரைக் கொன்றிருக்கும் என்று வரலாற்றாசிரியர்கள் மதிப்பிடுகிறார்கள். விடுதலை கிடைக்கும் என்று நம்பி வர்ஜீனியாவில் ஆங்கிலேயர் பக்கம் ஓடிய கறுப்பின அடிமைகளும் அதில் அடக்கம். அவர்களும் நோய் அறியாத நாட்டுப்புறத்தில் வளர்ந்தவர்கள்தாம். 1781-இல் யார்க்டவுனைச் சுற்றி அவர்கள் கூட்டம் கூட்டமாகப் பெரியம்மையில் மடிந்தார்கள்.

1798-இல் எட்வர்ட் ஜென்னர் மாட்டம்மைத் தடுப்பு முறையை வெளியிட்டதும் பழைய சிக்கலே மறைந்தது. மாட்டம்மைச் சாறு ஏற்றிக்கொண்டவரிடமிருந்து யாருக்கும் பெரியம்மை தொற்றாது. ஆனால் கோடை வெயிலில் அனுப்பினால் சாறு வீரியம் இழந்தது. மூன்றாவது அதிபர் தாமஸ் ஜெஃபர்சன் அதற்கு ஒரு வழி சொன்னார்: சாறு உள்ள குப்பியை நீர் நிரப்பிய பெரிய குப்பிக்குள் வைத்து அனுப்புவது. 1801 ஆகஸ்டில் மான்டிசெல்லோவில் தன் குடும்பத்தார், அடிமைகள், அக்கம்பக்கத்தார் எனச் சுமார் 200 பேருக்கு அதை ஏற்றச் செய்தார். 1980-இல் உலக சுகாதார நிறுவனம் பெரியம்மை ஒழிந்ததாக அறிவித்தது.

நோய் ஒழிந்த பிறகும் அந்தக் கணக்கு ஓர் அதிபரின் மேசைக்கு வந்தது. 2001-இன் பயங்கரவாதத் தாக்குதல்களுக்குப் பிறகு, யாராவது பெரியம்மை வைரஸை ஆயுதமாக்கினால் என்ன செய்வது என்ற அச்சம் எழுந்தது. தடுப்பூசி கையிருப்பில் இருந்தது. ஆனால் முதல்முறை குத்திக்கொள்ளும் பத்து லட்சம் பேரில் ஒருவரோ இருவரோ அதனாலேயே இறக்கக்கூடும். 2002 டிசம்பரில் அன்றைய அதிபர் ஜார்ஜ் புஷ் முடிவை அறிவித்தார்: ஆபத்தான இடங்களுக்குப் போகும் படைவீரர்களுக்குக் கட்டாயம், பொதுமக்களுக்குப் பரிந்துரை இல்லை. படைவீரர்களின் தலைமைத் தளபதி என்ற முறையில் தானும் குத்திக்கொண்டார். தன் குடும்பத்தாருக்குத் தேவையில்லை என்றார்.

தடுப்பு நல்லதா கெட்டதா என்று கேட்டால் வாஷிங்டனின் இரண்டும் புஷ்ஷின் ஒன்றுமான இந்த மூன்று முடிவுகளும் ஒன்றையொன்று மறுப்பதாகத் தோன்றும். யாருக்கு, எப்போது, எந்த ஆபத்துக்கு எதிராக என்று கேட்டால் மூன்றும் ஒரே கேள்விக்கான விடைகள். 1776-இல் வாஷிங்டன் செய்ததும் சரி, 1777-இல் செய்ததும் சரி. தான் போட்ட உத்தரவைத் தானே திருப்பிப் போட முன்வந்ததால்தான் இரண்டும் சரியாக அமைந்தன.