பல அட்டவணைகளிலிருந்து தரவுகளை நீக்குதல்

வில்லியனூர் கொம்யூனைச் சேர்ந்த அரியூரில் பால் உற்பத்தியாளர் சங்கம் ஒன்று தன் கணக்குகளைத் தரவுத்தளத்தில் பேணுவதாகக் கொள்க. உறுப்பினர் அட்டவணையில் உறுப்பினர் எண்ணே முதன்மைத் திறவுகோல். காலையும் மாலையும் ஊற்றப்படும் பாலின் அளவும் அதற்குரிய தொகையும் பால்வரவு அட்டவணையில் பதிவாகும். அங்கு உறுப்பினர் எண் அயல் திறவுகோலாக அமையும்.

27-ஆம் எண்ணுக்குரியவர் மாட்டை விற்றுவிட்டுச் சங்கத்தினின்று விலகுகிறார். உறுப்பினர் அட்டவணையில் மட்டும் டெலிட் கட்டளையை இட்டால், தரவுத்தள மேலாண்மை அமைப்பு அதனை மறுத்துவிடும். இம்மறுப்பைக் குறையெனக் கருதலாகாது. உறுப்பினர் வரிசை மறைந்தால், அதனைச் சுட்டும் பால்வரவு வரிசைகள் யாருக்கு உரியவை என்பதே தெரியாமற் போகும். அதனைத் தடுப்பதே அயல் திறவுகோற் கட்டுப்பாட்டின் பணி. (எஸ்கியூலைட்டில் இக்கட்டுப்பாடு பொதுவாகத் தானே இயங்காது, ஒவ்வோர் இணைப்பிலும் இயக்கிவிட வேண்டும்.)

1970-இல் எட்கர் கோட் முன்வைத்த உறவுநிலை மாதிரியின்மேல் எழுந்த மொழி எஸ்கியூஎல். அதன் தரநிலைப்படி ஒரு டெலிட் கட்டளை ஓர் அட்டவணையையே குறிக்கும். ஆகவே சார்ந்த அட்டவணையில் முதலிலும் மூல அட்டவணையில் பின்னரும் நீக்க வேண்டும்:

ஸ்டார்ட் டிரான்சாக்‌ஷன்;
டெலிட் ஃப்ரம் பால்வரவு வேர் உறுப்பினர்_எண் = 27;
டெலிட் ஃப்ரம் உறுப்பினர் வேர் உறுப்பினர்_எண் = 27;
கமிட்;

இரண்டு நீக்கங்களும் ஒரே பரிமாற்றத்துள் அடங்குவதால், இடையில் மின்சாரம் நின்றாலும் பாதி நீங்கிய நிலை நேராது. ‘வேர்’ நிபந்தனையை எழுத மறந்தால் ஊரார் அனைவரின் பால்வரவும் நீங்கும். கமிட் இடுவதற்குமுன் தவறு தெரிந்தால் ரோல்பேக் கட்டளை அவற்றை மீட்டுத் தரும். கமிட் இட்டபின் காப்புநகல் ஒன்றே வழி. எனவே அதே நிபந்தனையுடன் செலக்ட் கட்டளையை முதலில் இட்டு, நீங்கவிருக்கும் வரிசைகளைக் கண்ணால் பார்த்துக்கொள்வது நன்று.

மையெஸ்கியூஎல் அமைப்பில், இணைப்பின் வாயிலாக இரு அட்டவணைகளையும் ஒரே கட்டளையில் நீக்கலாம். ஆயினும் இன்னர் ஜாயின் இட்டால், ஒருநாளும் பால் ஊற்றாத உறுப்பினர் நீங்கமாட்டார். அதற்கு லெஃப்ட் ஜாயின் தேவை. அயல் திறவுகோல் இருப்பின், எந்த அட்டவணை முதலில் நீங்கும் என்பதற்கு உறுதியில்லை. கட்டளை தோற்கவும் கூடும்.

அட்டவணையை உருவாக்கும்போதே ‘ஆன் டெலிட் கேஸ்கேட்’ எனக் குறித்தால், உறுப்பினரை நீக்கியவுடன் அவருடைய பால்வரவும் தானே நீங்கும். எளிமைதான், ஆனால் அவருக்குச் சங்கம் இன்னும் தரவேண்டிய ஒரு வாரப் பாற்பணத்தின் பதிவும் எச்சரிக்கையின்றி உடன்மறையும். பணம் தொடர்பான அட்டவணைகளில் நீக்குவதைவிட, உறுப்பினர் அட்டவணையில் ‘விலகிய நாள்’ என ஒரு நெடுவரிசை சேர்த்து அப்டேட் கட்டளையால் நிரப்புவதே ஏற்றது. கணக்கு தீர்ந்து, தணிக்கையும் முடிந்தபின் பழைய வரிசைகளை நீக்கிக்கொள்ளலாம்.